சாதி பிறக்காத காலத்துக் கல்

தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகளில் ஒரு பட்டியல் வருகிறது. ராசராசன் கோயிலுக்குக் கொடுத்த ஊர்களில் எந்தெந்த நிலத்துக்கு வரி கிடையாது என்ற பட்டியல். ஊர்நத்தம், குளம், சுடுகாடு, பறைச்சேரி, தீண்டாச்சேரி என்று அது போகிறது. ஆயிரம் வருஷமாக அந்த எழுத்து கல்லில் நிற்கிறது. இந்தியத் தொல்லியல் துறை அதைக் காவல் காக்கிறது. 1987-ல் யுனெஸ்கோ அந்தக் கோயிலை உலகப் பாரம்பரியச் சின்னம் என்று அறிவித்தது. பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளை பஸ் வைத்துக் கூட்டிப்போய்க் காட்டுகிறார்கள். சேரிப் பிள்ளையும் அண்ணாந்து பார்த்துவிட்டுத்தான் வருகிறது. தன்னைச் சுடுகாட்டோடு சேர்த்து எழுதி வைத்த கல் அது என்று யாரும் அதுக்குச் சொல்லித் தருவதில்லை.

கல்லைக் காப்பது என்று பேச ஆரம்பித்தாலே நம் நாட்டில் இந்த வகைக் கல்தான் ஞாபகத்துக்கு வரும். அரசன் வெட்டிய கல், சாமி ஏறிய கல், எழுத்துள்ள கல். எழுத்தும் இல்லாமல் அரசனும் இல்லாமல், தன் போக்கில் வடிவெடுத்து நிற்கிற மலைப்பாறைகளை யார் காப்பது? அங்கே யார் போகலாம்? அதன் வரலாறு யாருடையது? இந்தக் கேள்விகளைத் திருவள்ளூர் மாவட்டத்துக் குடியம் மலையை வைத்துக் கேட்டுப் பார்க்கலாம்.

கடலை மிட்டாய் மாதிரி ஒரு மலை

சென்னையிலிருந்து 60 கிலோமீட்டர் தூரம். பூண்டி ஏரியைத் தாண்டி அல்லிக்குழி மலைத்தொடர். மலை என்று சொன்னாலும் மேற்குத் தொடர்ச்சி மலை மாதிரி வானத்தை முட்டாது. புதர்க்காடு மூடிய தாழ்ந்த மேடுகள்தான். ரோடு முடிந்த இடத்திலிருந்து காப்புக்காட்டுக்குள் நடக்க வேண்டும். பாதை முழுக்க உருண்டைக் கல். கால் வைத்தால் உருளும். ஆற்றங்கரையில் கிடக்கிற மாதிரி வழவழப்பான கூழாங்கற்கள், ஆறே இல்லாத மலைமேல் எப்படி வந்தன என்று யாருக்கும் தோன்றும்.

ஒரு காலத்தில் ஆறு இருந்தது. பத்துக் கோடி வருஷத்துக்கும் முந்தைய கதை அது. புவியியலாளர்கள் முன் கிரெட்டேசியக் காலம் என்று சொல்வது 14 கோடி வருஷத்திலிருந்து 10 கோடி வருஷம் வரைக்கும் உள்ள காலம். டைனோசர் நடமாடிய காலம். அப்போது மேற்கே இருந்த பழைய குவார்ட்சைட் மலைகளை வெள்ளம் உடைத்து, உருட்டி, மழுக்கிக் கொண்டுவந்து இங்கே குவித்தது. குவிந்த கற்களுக்கு நடுவில் மண்ணும் மணலும் புகுந்து இறுகிக் கெட்டியாகிப் பாறையானது. அதனால்தான் குடியத்துப் பாறையைக் கிட்டே போய்ப் பார்த்தால் ஒரே கல்லாக இருக்காது. வெல்லப்பாகில் கடலை பதிந்த மாதிரி ஆயிரக்கணக்கான உருண்டைக் கற்கள் பதிந்திருக்கும். சில கல் தேங்காய் அளவு, சில கல் தலை அளவு.

இந்தக் கலவைப் பாறையில் மழைத்தண்ணி இறங்குகிறது. பாகு மாதிரி இருக்கிற மண் பகுதி கரைகிறது, கல் உதிர்கிறது. அடிப்பக்கம் உள்வாங்கிக் கொண்டே போக, மேல்பக்கம் கூரையாக நீண்டு நிற்கிறது. இப்படி உருவானவைதான் குடியத்துக் குகைகள். உண்மையில் குகை என்பது சரியான சொல் இல்லை. ஆழமாக உள்ளே போகிற இருட்டுச் சுரங்கம் இல்லை அது. பாறைக்குடை என்று சொல்வது பொருந்தும். பெரிய பாறைக்குடையின் அடியில் நின்றால், பாதியாக உடைந்த ராட்சசப் பானைக்குள் நிற்கிற மாதிரி இருக்கிறது. இந்த மலைத்தொடரில் இப்படிப் பதினாறு ஒதுங்கிடங்களைக் கணக்கெடுத்திருக்கிறார்கள். கூரையில் மலைத்தேனீக்கள் அடை கட்டித் தொங்குகின்றன. அடியில் அம்மனுக்குப் பூசை நடக்கிறது. கல் வைத்து, மஞ்சள் பூசி, பொங்கல் வைத்துக் கும்பிடுகிற வழிபாடு.

தோண்டியவன் பேர் எங்கே?

இந்த மலையின் புகழுக்குக் காரணம் வடிவம் மட்டும் இல்லை. மலையிலிருந்து உதிர்ந்த குவார்ட்சைட் கல்தான் இந்தப் பகுதியில் மனித வரலாற்றுக்கு முதல் ஆயுதம், முதல் கத்தி, முதல் கோடரி.

1863 மே 30. இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையில் வேலை பார்த்த ராபர்ட் புரூஸ் ஃபூட் பல்லாவரத்தில் ஒரு கல்லைக் குனிந்து எடுத்தார். மனிதக் கை செதுக்கிய கருவி என்று கண்டுகொண்டார். அதே வருஷம் செப்டம்பரில் தன் சகா வில்லியம் கிங்கோடு அத்திரம்பாக்கத்துக்கு வந்தார். குடியத்துக்குப் பக்கத்தில், கொசஸ்தலை ஆற்றின் ஒரு கிளை ஓடைக்கரையில் இருக்கிற ஊர் அது. அங்கே கருவிகள் குவியலாகக் கிடைத்தன. இந்தியாவில் பழைய கற்காலம் என்று ஒன்று இருந்தது என்பதே அப்போதுதான் உலகத்துக்குத் தெரிந்தது. பிறகு வந்தவர்கள் இந்தக் கைக்கோடரி மரபுக்கு ‘மதராஸ் மரபு’ என்றே பேர் வைத்தார்கள். இந்தியத் தொல்லியல் துறை 1962 முதல் 1964 வரை குடியத்தில் தோண்டிப் பார்த்தது. மனிதர்கள் தொடர்ந்து குடியிருந்ததற்குப் பெரிய சான்று கிடைக்கவில்லை. வந்து ஒதுங்கிப் போயிருக்கிறார்கள்.

ஃபூட்டின் உழைப்பைக் குறைத்துச் சொல்ல வேண்டியதில்லை. மாட்டு வண்டியிலும் குதிரையிலும் தென்னிந்தியா முழுக்க அலைந்த மனுஷன் அவர். ஆனால் ஒன்றைக் கவனிக்க வேண்டும். பல்லாவரத்தில் அவர் கல்லெடுத்த இடம் எது? ராணுவ அணிவகுப்பு மைதானத்துக்குப் பக்கத்தில் இருந்த சரளைக் குழி. சரளைக் குழி தானாக உருவாகாது. கடப்பாரையும் மண்வெட்டியும் கூடையுமாக இறங்கி யாரோ தோண்டினால்தான் குழி. அந்தக் குழியைத் தோண்டினவர்களின் கையில் ஃபூட்டுக்கு முன்னாலேயே அந்தக் கற்கள் பட்டிருக்கும். எத்தனை கூடையில் எத்தனை கோடரி ரோட்டுக்குப் போய்க் கொட்டப்பட்டதோ! கண்டுபிடித்தவர் பேர் இருக்கிறது, தேதி இருக்கிறது. தோண்டினவர் பேர் இல்லை. கூலிப் பட்டியலில் கைநாட்டாகக்கூட மிஞ்சவில்லை.

அதே பல்லாவரம், பரங்கிமலைப் பாறைக்கு இன்னொரு கதை உண்டு. அந்தக் கருங்கல் வகைக்கு உலகம் முழுக்கச் சார்னோக்கைட் என்று பேர். கல்கத்தாவில் வியாபாரக் குடியிருப்பை நிறுவிய ஜாப் சார்னாக் 1693-ல் செத்துப்போனார். அவர் சமாதிக்கு இந்தப் பக்கத்துக் கல்லை ஏற்றிப் போயிருக்கிறார்கள். இருநூறு வருஷம் கழித்துத் தாமஸ் ஹாலண்ட் என்ற புவியியலாளர் அந்தச் சமாதியைப் பார்த்து அவர் பேரையே கல்லுக்கு வைத்தார். கல்லை வெட்டினவன் பேர் கல்லுக்கு வரல. கல்லுக்கு அடியில படுத்தவன் பேர் வந்தது. இன்றைக்குப் பரங்கிமலைச் சார்னோக்கைட் தேசியப் புவியியல் நினைவுச் சின்னம். அங்கேயும் உடைத்தவன் பேர் கிடையாது.

உடைக்கிறவனுக்கும் உளி பிடிக்கிறவனுக்கும் அறிவு இல்லை என்பது மேல்சாதிச் சமூகம் எழுதி வைத்த பாடம். அருங்காட்சியகத்தில் கைக்கோடரியைக் கண்ணாடிக்குள் வைத்து ‘தொழில்நுட்பம்’ என்று எழுதுகிறார்கள். சரியாகத்தான் எழுதுகிறார்கள். எந்தக் கோணத்தில் அடித்தால் எந்தச் சில்லு தெறிக்கும் என்று தெரியாமல் கைக்கோடரி செய்ய முடியாது. அதே அறிவுதான் குவாரியில் சம்மட்டி பிடிக்கிறவன் கையிலும் இருக்கிறது. எங்க தாத்தா கல்லைத் தட்டிச் சத்தத்தை வைத்தே எந்தப் பக்கம் பிளக்கும் என்று சொல்வார். கல்லுக்கு நரம்பு ஓடுதுன்னு சொல்வார். டயர் ரப்பரில் வெட்டின வளையத்துக்குள் கல்லை அடக்கி வைத்து, விரல் நசுங்காமல் ஒரே அளவில் ஜல்லி உடைக்கிற பெண்களை நாம் எல்லாரும் பார்த்திருக்கிறோம். பதினைந்து லட்சம் வருஷத்துக்கு முன்னால் செய்தால் அது தொழில்நுட்பம். நம்ம அம்மா செய்தால் அது கூலி வேலை, திறனற்ற உழைப்பு.

‘ஆதிமனிதன்’ என்ற பட்டம்

பதினைந்து லட்சம் என்பது கதைக்காகச் சொன்ன கணக்கு இல்லை. சாந்தி பப்பு, குமார் அகிலேஷ் ஆகியோர் அத்திரம்பாக்கத்தில் 1999 முதல் அகழாய்வு நடத்தினார்கள். கல் மண்ணுக்குள் புதைந்து எத்தனை காலம் ஆகிறது என்பதை, வானத்திலிருந்து வரும் காஸ்மிக் கதிர் அதில் விட்டுப்போன தடயத்தை வைத்து அளந்தார்கள். சராசரியாக 15 லட்சம் வருஷம் என்று வந்தது. 2011-ல் ‘சயின்ஸ்’ இதழில் அந்த முடிவு வெளியானது. கைக்கோடரியை விட்டு நுட்பமான சில்லுக் கருவிகளுக்கு இந்த மக்கள் மாறியது ஏறக்குறைய 3,85,000 வருஷத்துக்கு முன்னால் என்று 2018-ல் ‘நேச்சர்’ இதழில் எழுதினார்கள். ஐரோப்பாவும் ஆப்பிரிக்காவும் மட்டும் பேசிக்கொண்டிருந்த மேடையில் கொசஸ்தலைக் கரையும் ஏறியது.

இந்தச் செய்தி வந்ததும் நம்மூரில் இரண்டு வகைப் பெருமை கிளம்பியது. ஒன்று, ‘உலகின் முதல் மனிதன் தமிழன்’ என்ற பெருமை. இன்னொன்று, இந்தக் காட்டுப் பக்கத்தில் வாழ்கிற இருளர்களைக் காட்டி ‘இவங்கதான் அந்த ஆதிமனிதனோட வாரிசு’ என்று சொல்கிற பெருமை. இரண்டாவது நம் ஆட்கள் சிலருக்கும் பிடித்திருக்கிறது. எனக்கு இரண்டின் மேலும் சந்தேகம்.

அத்திரம்பாக்கத்தில் கருவி கிடைத்திருக்கிறது, காட்டெருமை, குதிரை வகை விலங்குகளின் பல் கிடைத்திருக்கிறது. மனித எலும்பு கிடைக்கவில்லை. கருவியைச் செய்தது ஹோமோ எரக்டஸ் வகை மனித இனமாக இருக்கலாம் என்பது ஊகம். நம் இனமான ஹோமோ சேப்பியன்ஸ் தோன்றியே 3 லட்சம் வருஷம்தான் ஆகிறது. அப்படியானால் அந்தக் கோடரியைச் செய்தவர் தமிழரும் இல்லை, திராவிடரும் இல்லை, ஆரியரும் இல்லை. இன்றைக்கு இருக்கிற எந்தச் சாதிக்கும் அவர் மேல் பட்டா கிடையாது.

இருளரை ‘ஆதிமனிதன்’ என்று சொல்வது புகழ்ச்சி மாதிரித் தெரியும். உள்ளே போய்ப் பாருங்கள். நீ இன்னும் மாறாதவன், நீ காலத்தில் பின்தங்கினவன், உன் இடம் அருங்காட்சியகம் என்றுதான் அது சொல்கிறது. இதே திருவள்ளூர் மாவட்டத்தில் அரிசி ஆலையிலும் செங்கல் சூளையிலும் முன்பணத்துக்குக் கட்டுண்டு கிடந்து மீட்கப்பட்ட இருளர் குடும்பங்கள் எத்தனையோ. கொத்தடிமை ஒழிப்புச் சட்டம் 1976-ல் வந்தது. உச்ச நீதிமன்றம் அமைத்த குழு 1995-ல் கொடுத்த அறிக்கை, தமிழகத்தில் பத்து லட்சத்துக்கு மேல் கொத்தடிமைகள் இருப்பதாகச் சொன்னது. அவர்கள் கற்காலத்து மனிதர்கள் இல்லை. அரிசி ஆலை முதலாளியின் கணக்குப் புத்தகத்துக்குள் இருந்த, இந்தக் காலத்துத் தொழிலாளிகள். வாரிசுப் பட்டம் வேண்டாம். கூலி பாக்கியைக் கொடு, வீட்டுமனைப் பட்டாவைக் கொடு, சாதிச் சான்றிதழை அலைய விடாமல் கொடு.

இந்தக் கல்லிலிருந்து நாம் எடுத்துக்கொள்ள வேண்டிய பாடம் வேறு. மரபணு ஆய்வாளர்கள் 2013-ல் ஒரு முடிவை வெளியிட்டார்கள். இந்தத் துணைக்கண்டத்து மக்கள் ஏறக்குறைய 4,200 முதல் 1,900 வருஷத்துக்கு முன்பு வரை தாராளமாகக் கலந்திருக்கிறார்கள். அதன் பிறகுதான் தனக்குள்ளேயே மணம் முடிக்கிற அகமணம் இறுகியிருக்கிறது. அத்திரம்பாக்கத்தின் 15 லட்சம் வருஷத்தை ஒரு நாள் என்று வைத்துக்கொண்டால், சாதி இறுகினது அந்த நாளின் கடைசி இரண்டு நிமிஷம். ‘தொன்றுதொட்டு வந்த வழக்கம்’ என்று டீக்கடையில் தனி டம்ளர் வைத்தவனுக்கு இதைவிடப் பெரிய பதில் என்ன வேண்டும்? தஞ்சைக் கல் நம்மைத் தீண்டாச்சேரி என்று எழுதி வைத்திருக்கிறது. குடியத்துக் கல்லில் அப்படி ஓர் எழுத்து இல்லை. நாம் அந்தக் கல்லைக் காக்க வேண்டியதற்கு முதல் காரணம் அதுதான்.

பாறைப் புறம்போக்கு

வருவாய்த் துறையின் ஆவணத்தில் மலைக்கு வேறு பேர். பாறைப் புறம்போக்கு, கல்லாங்குத்து, கரடு, மேய்க்கால் புறம்போக்கு, தரிசு. வரி வராத நிலம் எல்லாம் வெற்று நிலம் என்பது வெள்ளைக்காரன் கணக்கு. ராசராசன் பட்டியலிலும் அதே கணக்குதான், வரி வராத இடத்தில்தான் சேரி வந்தது. வெற்று நிலம் என்று எழுதிவிட்டால் அங்கே ஆடு மேய்த்தவள், விறகு பொறுக்கினவள், கிழங்கு தோண்டினவள், அம்மனுக்குப் பொங்கல் வைத்தவள் எல்லாரும் ஆவணத்திலிருந்து மறைந்துபோகிறார்கள். 1882-ல் மதராஸ் வனச் சட்டம் வந்தது. காப்புக்காடு என்று கோடு போட்டார்கள். நேற்று வரைக்கும் நடந்த பாதை மறுநாள் அத்துமீறல் ஆனது.

திருவள்ளூர் அப்போது செங்கல்பட்டு மாவட்டம். அந்த மாவட்டத்து ஆட்சியர் ட்ரெமென்ஹீர் 1891-ல் பறையர் நிலைமை பற்றி அறிக்கை எழுதினார். 1892-ல் அரசாணை வந்தது. ஒடுக்கப்பட்ட மக்களுக்குத் தரிசு நிலம் ஒதுக்கிக் கொடுக்கப்பட்டது. அதுதான் பஞ்சமி நிலம். நமக்குக் கொடுத்தது யாருக்கும் வேண்டாத தரிசு. கல்லைப் பொறுக்கி, முள்ளைக் கொத்தி, நாம் அதை நிலமாக்கினோம். நிலமானதும் பிடுங்கிக்கொண்டார்கள். அதைக் கேட்டுக் காரணையில் தொடங்கிய போராட்டத்தில்தான் 1994 அக்டோபர் 10 அன்று ஜான் தாமசும் ஏழுமலையும் போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் உயிர் கொடுத்தார்கள்.

பாறைக்கும் இதே கதைதான். விலை இல்லாத வரைக்கும் அது புறம்போக்கு. சென்னை பெருத்தது, கல்லுக்கு விலை வந்தது. சம்மட்டியும் உளியும் போய் கம்ப்ரசரும் வேட்டும் கிரஷரும் வந்தன. ஆற்றில் மணல் தீர்ந்ததும் பாறையையே அரைத்து எம்-சாண்ட் ஆக்கினார்கள். சென்னையைச் சுற்றி இருந்த எத்தனை குன்று இன்றைக்குக் குழி! மாங்காட்டுக்குப் பக்கத்தில் சிக்கராயபுரம் குவாரிக் குட்டைகளில் தேங்கிய தண்ணியைத்தான் 2017 வறட்சியில் சுத்திகரித்துச் சென்னைக்குக் குடிக்கக் கொடுத்தார்கள். நகரம் அந்தத் தண்ணியைக் குடித்தது. அந்தக் குழியில் நுரையீரலில் கல்தூசி அடைத்து இருமி இருமிச் செத்தவர்களைப் பற்றி ஒரு வரி வரவில்லை.

அதனால்தான் ‘குவாரியை மூடு’ என்று மட்டும் சொல்லிவிட்டு நம்மால் போக முடியாது. அந்தக் குவாரியில் வேலை பார்க்கிறவர்கள் நம் சொந்தக்காரர்கள். மலையைக் காப்பாற்று என்று சொல்கிற நகரத்து ஆர்வலரின் வீட்டுக்கும் அடித்தளம் ஜல்லிதான். மலையும் பிழைக்க வேண்டும், மலையை உடைத்துப் பிழைத்தவர்களும் பிழைக்க வேண்டும். இரண்டையும் சேர்த்துப் பேசாத சுற்றுச்சூழல் நம் சுற்றுச்சூழல் இல்லை.

தேர்வாய்கண்டிகையும் அரிட்டாபட்டியும்

காப்பாற்றுவதிலும் சாதி உண்டு என்பதற்கு நம் மாவட்டத்திலேயே சாட்சி இருக்கிறது. கும்மிடிப்பூண்டி வட்டத்தில் ஆந்திர எல்லையை ஒட்டித் தேர்வாய்கண்டிகை. தலித்துகள் பெரும்பான்மையாக வாழ்கிற கிராமம். ஊருக்குப் பக்கத்தில் மேய்ச்சல் நிலமும் புதர்க்காடுமாகக் கிடந்த 456 ஹெக்டேரைச் சிப்காட் எடுத்தது. ஏக்கரில் 1,100-க்கு மேல். ஆடு மாடு மேய்ந்த இடம், விறகும் பழமும் மூலிகையும் கொடுத்த இடம், ஏரிக்குத் தண்ணி அனுப்பிய மேடு. ஆவணத்தில் மேய்க்கால் புறம்போக்கு, அவ்வளவுதான். மக்கள் 2007 முதல் போராடினார்கள். உண்ணாவிரதம் இருந்தார்கள், கைதானார்கள், நீதிமன்றம் போனார்கள். 2009-ல் பிரெஞ்சு டயர் கம்பெனி மிஷலினோடு அரசு ஒப்பந்தம் போட்டது. 2012-ல் தேர்வாய் மக்கள் சங்கமும் தமிழ்நாடு நில உரிமைக் கூட்டமைப்பும் பிரெஞ்சு அமைப்புகளோடு சேர்ந்து பாரீசு வரைக்கும் புகார் கொண்டுபோனார்கள். தொழிற்சாலை வந்தது. காடு போனது. பிறகு 2020-ல் பக்கத்திலேயே சென்னைக்குத் தண்ணி கொடுக்க கண்ணன்கோட்டை தேர்வாய்கண்டிகை நீர்த்தேக்கம் திறந்தார்கள். நம்ம ஊர் மேடும் சென்னைக்கு, நம்ம ஊர் தண்ணியும் சென்னைக்கு.

மதுரைக்குப் பக்கம் அரிட்டாபட்டியைப் பாருங்கள். அங்கேயும் பாறைக் குன்றுகள்தான். சமணப் படுக்கை, தமிழி எழுத்து, பாண்டியர் குடைவரை எல்லாம் இருக்கிற மலை. 2022-ல் அதைத் தமிழகத்தின் முதல் பல்லுயிர்ப் பாரம்பரியத் தலமாக அறிவித்தார்கள். 2024 நவம்பரில் அந்தப் பகுதியில் டங்ஸ்டன் எடுக்க ஏலம் முடிந்தது என்று செய்தி வந்ததும் ஊர் ஊராக மக்கள் திரண்டார்கள். எல்லாக் கட்சியும் வந்தது. டிசம்பரில் சட்டமன்றமே தீர்மானம் போட்டது. 2025 சனவரியில் மத்திய அரசு ஏலத்தை ரத்து செய்தது. மனதாரச் சந்தோஷப்பட வேண்டிய வெற்றி அது. அந்த மக்களிடம் நாம் கற்றுக்கொள்ள நிறைய இருக்கிறது. ஆனால் கேள்வியும் இருக்கிறது. தேர்வாய்க்கு ஏன் எந்தத் தீர்மானமும் வரவில்லை? அங்கே கல்வெட்டு இல்லை, குடைவரை இல்லை, ராசா இல்லை. ஆடு மேய்க்கிற சேரி மட்டும்தான் இருந்தது. அதைப் பாரம்பரியம் என்று யாரும் கணக்கில் எடுக்கவில்லை.

குடியத்துக்கு வேலி போட்ட மாதிரி ஒரு விதி இருந்தது. காப்புக்காட்டு எல்லையிலிருந்து ஒரு கிலோமீட்டருக்குள் குவாரி கூடாது என்று 2021 நவம்பரில் தமிழக அரசு விதி போட்டது. அடுத்த வருஷம் டிசம்பரில் அந்த விதியிலிருந்து காப்புக்காடு என்ற சொல்லை எடுத்துவிட்டது. ஒரே ஒரு சொல். அந்தச் சொல் போனால் எத்தனை கரடு போகும் என்று குடியம் பக்கம் நின்று பார்த்தால் தெரியும். அதே 2022 டிசம்பரில் மத்திய அரசு புவிப் பாரம்பரியத் தலங்களைக் காக்க ஒரு சட்ட வரைவை வெளியிட்டது. கல்லைப் பற்றி அதில் நிறைய இருக்கிறது. கல்லோடு வாழ்கிற மக்களுக்கு முடிவெடுக்கும் இடம் எங்கே என்பதுதான் நம் கேள்வி.

போகிற முறை, காக்கிற முறை

நம் தோழர்கள் குடியத்துக்குப் போக வேண்டும். பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போக வேண்டும். வனத்துறையிடம் அனுமதி வாங்கி, வெயில் ஏறுவதற்கு முன்னால், உள்ளூர் ஆளை வழிகாட்டியாக வைத்து, அவருக்கு உரிய கூலி கொடுத்துப் போக வேண்டும். போகிற வழியில் பூண்டியில் 1985-ல் தொடங்கிய தொல்லியல் துறையின் அகழ்வைப்பகம் இருக்கிறது. அங்கே கைக்கோடரியைப் பார்த்துவிட்டுப் போனால் மலையில் கண் திறக்கும். பாறைக்குடைக்கு அடியில் சத்தம் போடக் கூடாது, புகை போடக் கூடாது. மேலே தேனீ. பேர் எழுதக் கூடாது, பாட்டில் உடைக்கக் கூடாது. முக்கியமாக, கீழே கிடக்கிற கல்லை எடுத்து வரக் கூடாது. கல் கிடந்த இடம், கிடந்த மண், பக்கத்தில் கிடந்த இன்னொரு கல் இவை சேர்ந்துதான் வரலாறு. பைக்குள் போட்ட நிமிஷத்தில் அது வெறும் கூழாங்கல் ஆகிவிடும்.

காவலுக்கு யார்? பாம்புத் தோல் வியாபாரத்தை 1970-களில் தடை செய்தபோது இருளர்களின் பிழைப்பு போனது. 1978-ல் இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் வந்தது. அதே பாம்பைக் கொல்லாமல் பிடித்து, விஷம் எடுத்து, திரும்ப விட்டார்கள். அந்த விஷத்தில் செய்த மருந்து நாடு முழுக்க உயிர் காக்கிறது. அந்தச் சமூகத்தைச் சேர்ந்த வடிவேல் கோபாலுக்கும் மாசி சடையனுக்கும் 2023-ல் பத்மஸ்ரீ கொடுத்தார்கள். தடை போட்டால் மட்டும் போதாது, அந்த மக்களின் அறிவுக்குச் சம்பளமும் நிர்வாகமும் கொடுத்தால் காவல் நிலைக்கும் என்பதற்கு இது கண்முன்னால் இருக்கிற உதாரணம். பாறைக்கும் இதைச் செய்யலாம்.

அதனால் நாம் கேட்பது இவை. அல்லிக்குழி மலைத்தொடரின் பாறைக்குடைகளைச் சுற்றிக் குவாரிக்கும் சரளை மண் அள்ளுவதற்கும் நிரந்தரத் தடை வேண்டும். காப்புக்காடு என்ற சொல் விதிக்குள் திரும்பி வர வேண்டும். காவலர், வழிகாட்டி, அகழ்வைப்பகப் பணியாளர் வேலைகளில் சுற்றியுள்ள சேரிகளின், இருளர் குடியிருப்புகளின் இளைஞர்களையும் பெண்களையும் நிரந்தரச் சம்பளத்தில் அமர்த்த வேண்டும். 2006 வன உரிமைச் சட்டப்படி அவர்களின் பாதை, தேன், விறகு, வழிபாடு ஆகியவற்றைச் சமூக உரிமையாகப் பதிவு செய்ய வேண்டும். அம்மன் இருக்கிற இடத்தில் கான்கிரீட் கோபுரம் கட்டக் கூடாது. கோபுரம் வந்தால் பூசாரி மாறுவார், அம்மன் பேர் மாறும், அப்புறம் யார் எந்த இடத்தில் நிற்பது என்ற கோடு வரும். குவாரியை மூடுகிற இடத்தில் தொழிலாளிக்கு மாற்று வேலையும், கல்தூசி நோய்க்கு வைத்தியமும் இழப்பீடும் முதலில் வர வேண்டும்.

இனிமேல் இந்த மண்ணில் எங்கே அகழாய்வுக் குழி தோண்டினாலும், அறிவிப்புப் பலகையில் ஆய்வாளர் பேருக்குக் கீழே தோண்டினவர்கள் பேரையும் எழுத வேண்டும். பல்லாவரத்துச் சரளைக் குழியில் 1863-ல் விட்டுப்போன வரி அது.